இடமாக ஏழு சுற்று

ஜூன் 3, திங்கள்

இன்று 'டபிள்யூ' தொடங்கியாயிற்று. பன்னிரண்டு வருடத்துக்கு முன்னால் 'ஏ'யில் உட்கார்ந்தபோது என் தலையில் ஒரு நரை கிடையாது. 'எம்' எழுத்தில் சாயம் பூச ஆரம்பித்தேன். 'எஸ்' எழுத்தில் அதையும் விட்டுவிட்டேன். ஆங்கிலத்தில் 'எஸ்' எழுத்தில் எத்தனை சொற்கள் என்று எண்ணிப் பார்த்தவர்களுக்குத் தலைமுடி பற்றிய கவலையெல்லாம் போய்விடும்.

இன்னும் நான்கு எழுத்துகள்தான். இந்தக் கடைசிப் பகுதியையாவது நடக்க நடக்க எழுதி வைப்போம் என்று பழைய டயரி ஒன்றை எடுத்திருக்கிறேன்.

பாளையங்கோட்டையில் ஒரு பழைய வீட்டின் மாடிதான் எங்கள் அகராதி அலுவலகம். நாங்கள் மூன்று பேர். கல்லூரியில் ஓய்வு பெற்று வந்த ஞானதிரவியம் சார் தலைமைப் பதிப்பாசிரியர். நான் சொல்லுக்குச் சொல் சீட்டு எழுதுகிறவள். பால்தங்கம் அதைக் கணினியில் ஏற்றுகிறவள். ஒரு சொல்லுக்கு ஒரு சீட்டு. பொருள், பயன்பாடு, எடுத்துக்காட்டாக ஒரு வாக்கியம். வெள்ளிக்கிழமை சாயங்காலம் சீட்டுக்கட்டு சாரின் ஜோல்னாப் பையில் ஏறும், திங்கட்கிழமை காலை இறங்கும். பச்சை மையில் டிக் வாங்கினவை பால்தங்கத்தின் மேசைக்குப் போகும். சிவப்பு மையில் பெருக்கல் குறி வாங்கினவை என்னிடமே திரும்பும். பன்னிரண்டு வருடமாக இதில் ஒரு நாள் மாற்றமில்லை.

மதியம் பால்தங்கம் நெத்திலி அவியல் கொடுத்தாள். அவள் வீட்டு மூடி போட்ட சின்னச் சம்படத்தைக் கழுவி அதில் நான்கு அச்சுமுறுக்கு போட்டு நாளைக்குக் கொடுக்க வேண்டும். எங்களுக்குள் எந்தச் சம்படமும் வெறுமையாகத் திரும்பியதில்லை. போன வருடம் ஒரு காற்புள்ளிக்காகப் பத்து நாள் பேசாமல் இருந்தோம். அப்போதுகூட என் சம்படத்தில் ஒரு பிடி சீனி போட்டு மேசையில் டக்கென்று வைத்துவிட்டுத்தான் போனாள்.

ஜூன் 6, வியாழன்

மோட்டார் ரிப்பேர். தெருக்குழாயில் பன்னிரண்டு குடம். இடுப்பு போயிற்று.

ஜூன் 11, செவ்வாய்

ஒரு சொல் என்னைப் பிடித்துக்கொண்டு விடமாட்டேன் என்கிறது. 'விடர்ஷின்ஸ்'. ஸ்காட்லாந்துப் பக்கத்துச் சொல். கடிகாரமுள் போகும் திசைக்கு எதிராக, சூரியன் போகும் போக்குக்கு மாறாக என்று பொருள். அங்கே தேவாலயத்தை இப்படி எதிராகச் சுற்றினால் கேடு வரும் என்று பயந்திருக்கிறார்கள். முதன்முதலில் இது எழுத்தில் வந்தபோது திசையைக்கூடச் சொல்லவில்லை. பயத்தில் மயிர் எதிர்ப்பக்கமாக விறைத்து நிற்பதைச் சொல்லியிருக்கிறார்கள். பிறகுதான் சுற்றுவதற்கு வந்திருக்கிறது.

'இடஞ்சுழியாக' என்று ஒரே வார்த்தையில் எழுதி முடித்துவிடலாம். பௌதிகப் பாடப் புத்தகத்தில் அப்படித்தான் இருக்கும். ஆனால் அந்தச் சொல்லில் பயம் இல்லையே! குழாய்த் திருகைத் திறக்கிறவன்கூட இடஞ்சுழியாகத்தான் திருகுகிறான். அவனுக்கு என்ன கேடு வந்தது?

சாரிடம் சொன்னேன். "நூறு வருஷமா யாரும் பேசாத வார்த்த. எவனுக்கு வேணும் இது?" என்றார். "நெல்லையப்பர் கோயில்ல போய் ஒருத்தன் இடமாச் சுத்தினான்னா நாலு பேரு கையப் புடிச்சித் திருப்பி விடுவாவ சார். நமக்குப் புரியுத வார்த்தயா இதுதான் இருக்கு" என்றேன். பால்தங்கம் கணினிக்குப் பின்னாலிருந்து சிரித்தாள். சார் சிரிக்கவில்லை. எழுதிக் கொடுங்கள், பார்க்கலாம் என்றார்.

ஜூன் 14, வெள்ளி

சீட்டு எழுதிவிட்டேன். நான்கு நாள் மண்டையைக் குடைந்து எழுதியது. எனக்குப் பிடித்துப்போய்விட்டதால் இங்கே ஒரு படி:

விடர்ஷின்ஸ் (வினையடை). 1. கடிகாரமுள் சுற்றும் திசைக்கு எதிராக, இடமாக. 2. சூரியன் போகும் போக்குக்கு மாறாக. 3. ஆகாத வழியில், செய்யத் தகாத திசையில். எ-டு: குடத்தைத் தோளில் வைத்துச் சிதையை ஏழு முறை இடமாகச் சுற்றி வந்தான், பெண்கள் வீட்டிலிருந்தே எண்ணினார்கள்.

எடுத்துக்காட்டு வாக்கியம் தானாக வந்தது. என் வீட்டுக்காரர் போனபோது என் அண்ணன் மகன்தான் குடம் எடுத்தான். எங்களில் பொம்பளைகள் சுடுகாட்டுக்குப் போகிற வழக்கமில்லை. அவர்கள் கிளம்பிப் போன பிறகு நான் அடுக்களைச் சுவரில் சாய்ந்து உட்கார்ந்துகொண்டு, இப்போது ஒரு சுற்று, இப்போது இரண்டு என்று ஏழுவரை எண்ணினேன். ஒன்பது வருடம் ஆயிற்று. இதை யாரிடமும் சொன்னதில்லை. சீட்டில்தான் எழுதியிருக்கிறேன்.

சாயங்காலம் கட்டோடு கட்டாகச் சாரின் பையில் போட்டேன்.

ஜூன் 17, திங்கள்

சிவப்புப் பெருக்கல். பக்கத்தில் 'தேவையில்லை' என்று சாரின் அழகான கையெழுத்து வேறு.

கோபத்தில் காது சூடாகிவிட்டது. சீட்டைக் குப்பையில் போட மனம் வரவில்லை. வீட்டுக்குக் கொண்டு வந்து இந்தப் பக்கத்திலேயே ஒட்டிவிட்டேன். இருக்கட்டும்.

ஜூன் 21, வெள்ளி

பால்தங்கத்தின் மகள் ஷெர்லினுக்குக் கல்யாணம் கூடிவிட்டது. ஆகஸ்ட் 26. மாப்பிள்ளைக்கு நாசரேத்து. பத்திரிகை வாசகத்தை ஆபீஸ் கணினியிலேயே அடித்து வைத்திருந்தாள். என்னையும் சாரையும் கூப்பிட்டுக் காட்டினாள். நான் ஒரு ஒற்றுப்பிழை பிடித்தேன். சார் 'நல்லா இருக்கும்மா' என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார்.

"எக்கா, பிரஸ்காரன் பென் டிரைவ்ல கேக்கான். இதுல ஏத்திக் குடுக்கட்டா?" என்று நீலநிறத்தில் ஒன்றை நீட்டினாள். அவளுடைய பேரன் முறைப் பையனுடையதாம், மேலே கார் படம் ஒட்டியிருந்தது. நான் பக்கத்தில் நின்று பார்த்துக்கொண்டிருந்தேன். ஒரு நிமிஷ வேலை.

கல்யாணத்துக்கு முந்தின நாளே நான் வந்துவிட வேண்டுமாம். "நீ வராட்டி எம்மவ கழுத்த நீட்ட மாட்டா பாத்துக்கோ" என்றாள். எனக்கு என்ன புடவை என்பதுவரை அவளே முடிவு செய்து வைத்திருக்கிறாள்.

ஜூன் 28, வெள்ளி

பால்தங்கம் பல் டாக்டரிடம் போயிருந்த நேரத்தில் சார் என்னைக் கூப்பிட்டார். தலைப்புப் பக்கத்தில் அவர் பெயருக்குக் கீழே 'இணைப் பதிப்பாசிரியர்' என்று ஒருவர் பெயர்தான் போட முடியுமாம். அகராதிக்குப் பணம் போடுகிற அறக்கட்டளையின் தீர்மானமாம். "எழுதுனது நீங்க. ஆனா ஒவ்வொரு எழுத்தையும் ஏத்துனது, மெய்ப்புப் பாத்தது எல்லாம் பால்தங்கம். அவங்களுக்கும் நியாயம் இருக்குல்லா? பாப்போம்" என்றார்.

பஸ்ஸில் வரும்போது ஜங்ஷனில் இறங்க மறந்து டவுன்வரை நின்றுகொண்டே வந்தேன். பிறகுதான் நான் இறங்க வேண்டியதே டவுனில்தான் என்று ஞாபகம் வந்தது.

மாவு ஆட்டினேன். நிறைய ஆட்டிவிட்டேன். ஒருத்தி எத்தனை நாள் தோசை தின்பது?

ஜூலை 5, வெள்ளி

இடி விழுந்தமாதிரி ஒரு செய்தி. சென்னையில் ஏதோ கம்பெனி செல்போனுக்கு ஒரு ஆங்கிலம்–தமிழ் அகராதிச் செயலி விட்டிருக்கிறது. இப்போதைக்கு 'ஏ' முதல் 'எம்' வரை. அறக்கட்டளைச் செயலாளர் போனில் பார்த்துவிட்டு ஓடி வந்தார். எல்லாம் எங்களுடையது. என் வாக்கியங்கள்! 'ஆம்பிள்' என்ற சொல்லுக்கு நான் தாமிரபரணிக் கரையில் சாவகாசமாக நடந்ததை எழுதியிருந்தேன், அது அப்படியே இருக்கிறது. 'காட்' என்ற மீனுக்குப் பால்தங்கம் சொல்லித் தந்த பெயர்கூட அப்படியே.

சார் நாற்காலியில் சாய்ந்து கண்ணை மூடிக்கொண்டார். பால்தங்கம் அழுதாள். எனக்கு அழுகை வரவில்லை, யார் கையையாவது ஒடிக்க வேண்டும்போல் இருந்தது.

ஜூலை 8, திங்கள்

விசாரணை. செயலாளரும் இன்னும் இரண்டு அறங்காவலர்களும் வந்திருந்தார்கள். கணினி யார் பொறுப்பில் இருக்கிறது என்று கேட்டார்கள். பால்தங்கம் பொறுப்பில் என்று எல்லோருக்கும் தெரியும். கோப்புகளை யாராவது வெளியே எடுத்துப் போனதைப் பார்த்தீர்களா என்று கேட்டார்கள். பார்த்ததைச் சொன்னேன். பென் டிரைவ் போட்டதைப் பார்த்தேன். நீலநிறம். போட்டது பால்தங்கம். கேட்டதற்குப் பதில் சொன்னேன், அவ்வளவுதான். கேட்காததை எதற்குச் சொல்வது.

சார் ஒன்றும் பேசவில்லை.

வரும் வழியில் தக்காளி வாங்கினேன். பாதி அழுகல்.

ஜூலை 9, செவ்வாய்

பால்தங்கத்தின் நாற்காலி காலி. இனி வர வேண்டாம் என்று சொல்லிவிட்டார்களாம். நான் கிளம்பின பிறகு, அது கல்யாணப் பத்திரிகை என்று அவள் சொன்னாளாம், பென் டிரைவைப் பிரஸ்காரன் தொலைத்துவிட்டானாம், காட்ட முடியவில்லையாம். அவள்மீது இருக்கிற சந்தேகம் நியாயமானதுதான். அவளைத் தவிர எல்லா எழுத்தும் யார் கையில் இருந்தது? பன்னிரண்டு வருடம் கூடவே உட்கார்ந்து சாப்பிட்டவள் இப்படிச் செய்வாள் என்றால் இனி யாரை நம்புவது?

என் சம்படம் ஒன்று அவளிடம் இருக்கிறது. 'தூ. உலகம்மாள்' என்று பெயர் வெட்டினது. கல்யாணமான புதிதில் இவர் வாங்கி வந்த செட். கேட்டு வாங்க வேண்டும்.

ஜூலை 14, ஞாயிறு

தேரோட்டம். எங்கள் சந்திலிருந்து ரத வீதிக்கு ஒரு அடி எடுத்து வைக்க முடியவில்லை. வடத்தைப் பிடித்து இழுக்கிற கூட்டத்தைப் பார்த்துக்கொண்டு நின்றேன். தேர் எப்போதும் வலமாகத்தான் வரும். நடுவில் ஒரு முக்கில் சக்கரம் சிக்கிக்கொண்டாலும் தடி போட்டு நெம்பி முன்னால்தான் தள்ளுவார்கள், திருப்ப மாட்டார்கள்.

போன வருடம் பால்தங்கம் தேர் பார்க்க வந்து மொட்டை மாடியில் நின்று கையைத் தட்டினாள்.

ஆகஸ்ட் 2, வெள்ளி

எதிர்வீட்டு உலகநாதபிள்ளை இறந்துபோனார். அண்ணன் சுடுகாட்டுக்குப் போய்விட்டு வந்து குளித்து, என் வீட்டில் காப்பி குடித்தான். சும்மா பேச்சோடு பேச்சாக, அங்கே குடத்தோடு எத்தனை சுற்று வருவார்கள் என்று கேட்டேன்.

"மூணு. ஒவ்வொரு சுத்துக்கும் ஒரு ஓட்ட போடுவாவ."

"ஏழு இல்லையா?"

"ஏழா? ஏழு சுத்துனா தண்ணி எங்கன இருக்கும்? உனக்கு ஏழுன்னு யாரு சொன்னா?"

யாரும் சொல்லவில்லை. கல்யாணத்தில் ஏழு அடி வைத்தோமே, அதைத் திரும்ப அவிழ்க்கிறதென்றால் ஏழாகத்தான் இருக்கும் என்று நானே நினைத்துக்கொண்டிருந்திருக்கிறேன். அன்றைக்கு அவர்கள் மூன்றில் முடித்துத் திரும்பிவிட்டார்கள். நான் மட்டும் இன்னும் நான்கு சுற்று சுற்றியிருக்கிறேன்.

நல்லவேளை, சார் சீட்டை வெட்டினார். அச்சில் வந்திருந்தால் மானம் போயிருக்கும். சாருக்கும் இது தெரிந்திருக்க நியாயமில்லை. அவர்கள் கிறிஸ்தவர்கள், பெட்டிதான், குடம் கிடையாது.

ஆகஸ்ட் 7, புதன்

தபாலில் ஒரு உறை வந்தது. மூலையில் மஞ்சள் தடவியிருக்கவில்லை, சிலுவை போட்டிருந்தது. அலமாரியில் வைத்திருக்கிறேன். கண் கொஞ்ச நாளாக மங்கலாக இருக்கிறது, படிக்கிற வேலையெல்லாம் பகலில் ஆபீஸிலேயே போதும் போதும் என்று ஆகிவிடுகிறது.

ஆகஸ்ட் 26, திங்கள்

லீவு போட்டிருந்தேன். நல்ல முகூர்த்தம்போல, பாளையங்கோட்டைப் பஸ் எல்லாம் பட்டுப்புடவைக் கூட்டம். முருகன்குறிச்சியில் இறங்கி, ஒரு கடையில் சர்பத் குடித்துவிட்டு, அடுத்த பஸ்ஸில் திரும்பி வந்துவிட்டேன். வெயில் தாங்கவில்லை.

செப்டம்பர் 12, வியாழன்

தலைப்புப் பக்கத்தின் மாதிரி வந்துவிட்டது! சார் தன் கையாலேயே என் மேசையில் கொண்டு வந்து வைத்தார். 'இணைப் பதிப்பாசிரியர்: தூ. உலகம்மாள்.' எழுத்து சின்னதுதான், ஆனால் தடித்த எழுத்து. ஆபீஸ் குளியலறையில் தாழ்ப்பாள் போட்டுக்கொண்டு ஐந்து நிமிஷம் அழுதேன். சந்தோஷத்தில்தான். இவர் இருந்திருந்தால் இதைச் சட்டம் போட்டு மாட்டியிருப்பார்.

வரும்போது அரைக் கிலோ அல்வா வாங்கினேன். அண்ணனுக்குச் சர்க்கரை. பிரிட்ஜில் இருக்கிறது.

செப்டம்பர் 20, வெள்ளி

சென்னைக் கம்பெனிச் செயலியில் மீதி எழுத்துகளும் வந்துவிட்டன என்று செயலாளர் போன் செய்தார். பால்தங்கம் போய் இரண்டரை மாதம் ஆகிறது. 'ஒய்', 'இசட்' சீட்டுகளை நான் ஆகஸ்டில்தான் எழுதினேன். அவையும் இருக்கின்றன. இருந்தாலும் கணினியிலிருந்து வேறு யாராவது எடுத்திருப்பார்கள், அவளுக்குப் பதிலாக வந்த புதுத் தட்டச்சுக்காரியாக இருக்கும் என்று நினைக்கப் பார்த்தேன்.

பிறகு எதற்கு என்று தெரியாமல் 'விடர்ஷின்ஸ்' என்று அடித்தேன்.

வந்தது.

'குடத்தைத் தோளில் வைத்துச் சிதையை ஏழு முறை இடமாகச் சுற்றி வந்தான், பெண்கள் வீட்டிலிருந்தே எண்ணினார்கள்.'

இந்தச் சீட்டு கணினியில் ஏறவே இல்லை. சிவப்புப் பெருக்கல் வாங்கி என் கைப்பைக்குள் போய், அங்கிருந்து இந்த டயரிக்கு வந்தது. இதோ, ஒட்டினது ஒட்டினபடி ஜூன் 17-இல் இருக்கிறது. இது என் மேசையை விட்டு வெளியே போனது ஒரே ஒரு வெள்ளி முதல் திங்கள்வரை, ஒரே ஒரு பைக்குள்.

அந்த ஏழுகூட அப்படியே இருக்கிறது. உலகத்தில் எந்தச் சுடுகாட்டிலும் நடக்காத, என் அடுக்களைச் சுவரோரம் மட்டும் நடந்த ஏழு. யாரிடமும் சொல்லாததை ஒருவரை நம்பி ஒரு சீட்டில் எழுதினேன். அதை அவர் எனக்கு வேண்டாம் என்று வெட்டிக் கொடுத்துவிட்டு, ஊருக்கெல்லாம் கொடுத்திருக்கிறார்.

போனைக் கவிழ்த்து வைத்தேன். முழங்கையில் மயிரெல்லாம் எழுந்து நின்றது. இந்தச் சொல் முதலில் எதைச் சொல்லப் பிறந்ததோ, அது.

செப்டம்பர் 23, திங்கள்

டயரியையும் போனையும் சாரின் மேசைமேல் வைத்தேன். அவர் கண்ணாடியைப் போட்டு இரண்டையும் படித்தார். பொய் சொல்வார் என்று தயாராகப் போயிருந்தேன். அதற்குக்கூட அவர் என்னை மதிக்கவில்லை.

"உக்காருங்க, உலகம்மா."

"நிக்கேன்."

"வெள்ளிக்கிழம வீட்டுக்குப் போனதும் கட்ட முழுசாப் படம் எடுத்துச் சென்னைக்கு அனுப்பிருவேன். திருத்துறது ஞாயித்துக்கிழமதான். அதான் இதுவும் போயிருக்கு." ஏதோ அச்சுப்பிழைக்கு விளக்கம் சொல்கிற மாதிரிச் சொன்னார். "நம்ம அகராதி அச்சுக்குப் போகும்னு நீங்க நெசமாவே நம்புதீங்களா? பன்னெண்டு வருஷத்துல இது மூணாவது தலைப்புப் பக்கம். மொத ரெண்டும் அந்த அலமாரில கெடக்கு. எனக்கு எழுபத்தொண்ணு ஆச்சு. கண்ண மூடுறதுக்குள்ள எவனாவது ஒருத்தன் இதத் தொறந்து பாக்கணும்னு ஆச இருக்காதா?"

மூன்றாவது. எனக்கு அது தெரியாது. முதல் இரண்டிலும் யார் பெயர் இருந்தது என்று கேட்க வாய் வந்தது, அடக்கிக்கொண்டேன்.

"சரி சார். பால்தங்கம் என்ன பாவம் பண்ணினா? அவ பேரக் கெடுத்து அனுப்பினீங்களே!"

சார் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "நான் அவ பேர எடுக்கவே இல்லயேம்மா. யாராவது எதையாவது பாத்தீங்களான்னு செயலாளர் கேட்டாரு. நான் வாயத் தொறக்கல. பென் டிரைவ்னு சொன்னது நீங்க."

நான் நின்றேன்.

"அதுல என்ன இருந்துதுன்னு எனக்கும் தெரியும், உங்களுக்கும் தெரியும். நீங்க சொல்லிருவீங்கன்னுதான் நெனச்சேன். கடைசி வரைக்கும் பாத்தேன். சொல்லல. சரி, இவங்களுக்கும் ஒரு காரணம் இருக்கும்போலன்னு விட்டுட்டேன்."

செப்டம்பர் 25, புதன்

ஆபீஸ் போகவில்லை. வீடு ஒட்டடை அடித்தேன்.

செப்டம்பர் 28, சனி

ஜூலை 8-ஆம் தேதிப் பக்கத்தைத் திரும்பத் திரும்பப் படித்தேன். எவ்வளவு சாமர்த்தியமாக எழுதியிருக்கிறேன்! இதை யார் படிக்கப்போகிறார்கள் என்று என் சொந்த டயரியிலேயே இப்படி மழுப்பியிருக்கிறேன்?

சரி, எழுதுகிறேன். பென் டிரைவில் ஷெர்லின் கல்யாணப் பத்திரிகை இருந்தது. நான் பக்கத்தில் நின்று பார்த்தேன். விசாரணையில் அது எனக்கு ஒரு நொடிகூட மறக்கவில்லை. நாக்கு நுனிவரை வந்தது. தலைப்புப் பக்கத்தில் ஒரு பெயர்தான் என்று சார் சொன்னதும் கூடவே வந்தது. வாயை மூடிக்கொண்டேன். பால்தங்கம் என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். நான் சொல்லிவிடுவேன் என்று தைரியமாக உட்கார்ந்திருந்தாள். நான் மேசைமேல் இருந்த பேப்பர் வெயிட்டைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

சார் எனக்குச் செய்ததை நினைத்தால் நெஞ்சு எரிகிறது. அவரைத் திட்ட ஆரம்பிக்கிறேன், ஒவ்வொரு திட்டும் பாதியில் என் பக்கம் திரும்பி நிற்கிறது.

சீட்டில் மூன்றாவது பொருளாக 'ஆகாத வழியில்' என்று எழுதினேனே, ஏதோ ஸ்காட்லாந்துக்காரர்கள் சமாசாரம் என்று நினைத்துத்தான் எழுதினேன்.

அக்டோபர் 1, செவ்வாய்

அறக்கட்டளைக்குக் கடிதம் எழுதிக் கொடுத்துவிட்டேன். இரண்டு பக்கம். முதல் பக்கத்தில் சீட்டு, தேதிகள், ஏழு சுற்று. இரண்டாம் பக்கத்தில் பென் டிரைவ். 'அதில் இருந்தது கல்யாணப் பத்திரிகை என்பது விசாரணையின்போது எனக்கு நன்றாகத் தெரிந்திருந்தும், நான் சொல்லவில்லை' என்று எழுதினேன். 'பதற்றத்தில்' என்று ஒரு சொல் சேர்த்தேன். பிறகு அடித்துவிட்டுப் புதிதாக வேறு தாளில் எழுதினேன். என் பெயரைத் தலைப்புப் பக்கத்திலிருந்து எடுத்துவிடவும் சொல்லியிருக்கிறேன்.

செயலாளர் படித்துவிட்டு என்னை ஒரு மாதிரிப் பார்த்தார். பால்தங்கத்துக்கு ஒரு நகல் அனுப்ப வேண்டியிருக்கும் என்றார். அனுப்புங்கள் என்றேன்.

வீட்டுக்கு வந்து அலமாரியிலிருந்த உறையைப் பிரித்தேன். பத்திரிகைதான். நான் பிடித்த ஒற்றுப்பிழை திருத்தியிருந்தது. பின்பக்கம் பால்தங்கத்தின் கோழிக் கிறுக்கல்: 'எக்கா, அன்னைக்கு உனக்கு மறந்திருக்கும். எனக்கு ஒண்ணும் வருத்தமில்ல. கட்டாயம் வரணும்.'

அக்டோபர் 5, சனி

பால்தங்கத்தின் வீட்டுக்குப் போனேன். இப்போது சமாதானபுரத்தில் ஒரு ஜெராக்ஸ் கடையில் தட்டச்சு செய்கிறாளாம். சனிக்கிழமை அரை நாள். கதவைத் திறந்தவள் முகத்தில் கோபம் இல்லை. கோபம் இருந்திருந்தால் எனக்குக் கொஞ்சம் தெம்பு வந்திருக்கும்.

"வாங்க மேடம்" என்றாள்.

பன்னிரண்டு வருடத்தில் என்னை அவள் 'எக்கா' தவிர வேறெதுவும் கூப்பிட்டதில்லை.

தண்ணீர் கொடுத்தாள். ஷெர்லின் நாசரேத்தில் நன்றாக இருக்கிறாளாம். அறக்கட்டளையிலிருந்து மன்னிப்புக் கேட்டு, திரும்ப வேலைக்கு வரச் சொல்லிக் கடிதம் வந்ததாம். போகவில்லை என்று சொல்லிவிட்டாளாம். நான் மனப்பாடம் செய்து போயிருந்த எதுவும் வாயில் வரவில்லை. "பால்தங்கம், என்ன மன்னிச்சிரு" என்று மட்டும் சொன்னேன்.

"இவ்வொ எம்புட்டோ சொன்னாவ, ஒங்கக்கா வேணும்னேதான் செஞ்சிருக்கான்னு" என்றாள், உள்ளே இருந்த தன் கணவரைக் காட்டி. "நான் ஒத்துக்கிடவே இல்ல. எக்காவுக்கு அன்னைக்குப் படபடப்பு, மறந்துட்டா, அவளுக்கு அவ செருப்ப எங்க விட்டான்னே ஞாபகம் இருக்காதுன்னு சொல்லி இவ்வொகூடச் சண்ட போட்டேன். ஷெர்லின் கழுத்துல தாலி ஏறுத வரைக்கும் கோயில் வாசலப் பாத்துக்கிட்டே இருந்தேன்." தண்ணீர்த் தம்ளரை எடுத்து ஓரமாக வைத்தாள். "முந்தாநாத்து நகல் வந்துது. ரெண்டாவது பக்கத்தப் படிச்சேன். அப்பதான் தெரிஞ்சுது மேடம், உங்களுக்கு மறக்கலன்னு."

உண்மையைச் சொன்னால் அவள் பாரம் குறையும் என்று நினைத்தேன். இத்தனை நாள் அவள் கையில் மிச்சம் இருந்தது அந்த 'மறந்திருக்கும்' ஒன்றுதான். அதையும் நான்தான் பிடுங்கியிருக்கிறேன்.

எழுந்தேன். "இருங்க" என்று உள்ளே போனாள். அடுக்களையில் பாத்திரச் சத்தம் கேட்டது. மூடி திறக்கிற, மூடுகிற சத்தம். வெளியே வந்து என் சம்படத்தைக் கையில் கொடுத்தாள். துணிப்பையில் போட்டு, பையின் வாயை முடிந்து கொடுத்தாள்.

"உங்க சம்படம். குடுக்க மறந்தே போச்சு."

பஸ்ஸில் ஜன்னலோரம் இடம் கிடைத்தது. பையை மடியில் வைத்துக்கொண்டேன். குலுக்கிப் பார்க்கக் கூடாது என்று வண்ணாரப்பேட்டைவரை கையைக் கட்டிக்கொண்டு வந்தேன். ஒரு பிடி சீனி போட்டிருப்பாள். சீனி இல்லாவிட்டால் நாலு கல்கண்டு. பத்து நாள் பேசாதபோதுகூடப் போட்டவள். பாத்திரச் சத்தம் கேட்டதே, சும்மாவா கேட்டிருக்கும்? ஆற்றுப்பாலம் வந்தபோது லேசாகச் சாய்த்தேன். பஸ் இரைச்சலில் ஒன்றும் கேட்கவில்லை.

வீட்டுக்கு வந்து விளக்கைப் போட்டு, அடுக்களை மேடையில் வைத்துப் பையின் முடிச்சை அவிழ்த்தேன். 'தூ. உலகம்மாள்.' வெட்டின எழுத்து தேயவே இல்லை, நன்றாகப் புளி போட்டுத் தேய்த்திருக்கிறாள். மூடியைத் திறந்தேன்.

கழுவித் துடைத்து, ஒரு பொட்டு ஈரம்கூட இல்லாமல் கொடுத்திருக்கிறாள்.